சம்மாட்டியாரின் செட்டை

முதலிலேயே நானே சொல்லிவிடுகிறேன். வேறு யாராவது சொல்லி நீங்கள் அறிந்தால் எனக்கு இன்னும் வெட்கம்.

சென்ற மாதம், மன்னாரில், பட்டப்பகலில், முழுப் புத்தியோடு, நான் ஒரு பறவைக்கு முட்டை பூசினேன்.

ஆம். முட்டையின் வெள்ளைக்கரு. அதில் உளுத்தம்மாவைப் போட்டுக் குழைத்து, பதம் பார்த்து... உயிருள்ள ஒரு பறவையின் மேல். அந்தப் பறவை அப்போது என்ன நினைத்திருக்கும் என்று யோசிக்கவே எனக்குத் துணிவில்லை. நீங்கள் காயம் பட்டுக் கிடக்கிறீர்கள். ஒருவர் ஓடி வந்து, உங்கள் சொந்தக்காரர் ஒருவரை அரைத்து, உங்கள் கையில் தடவுகிறார். ஏறக்குறைய அப்படித்தான்.

இதில் இன்னொரு சிக்கலும் உண்டு. பறவை என்னுடையது அல்ல.

அது என் அத்தானுடையது. பள்ளிமுனையில் இருக்கும் என் அக்கா பிலோமினாவின் கணவர், சூசை அத்தான். வாழ்நாள் முழுக்கக் கடலுக்குப் போனவர். போன வருடம் பாரிசவாதம் வந்து வலது பக்கம் விழுந்துபோனது. கால் மெல்ல மெல்லத் திரும்பி வந்தது. பேச்சும் வந்தது — ஒவ்வொரு சொல்லாக, எடுத்து வைப்பதுபோல. வலது கை மட்டும் வரவில்லை. கதிரையின் கைப்பிடியில் யாரோ மறந்துவிட்டுப் போன பொருளைப்போலக் கிடக்கும்.

ஆஸ்பத்திரியில் பிசியோதெரபி செய்பவர் ஒரு றப்பர் பந்தைக் கொடுத்து, விரித்துப் பிடியுங்கோ, விரித்துப் பிடியுங்கோ என்று கெஞ்சிப் பார்த்தார். அத்தான் பந்தைப் பார்த்தார். அவரைப் பார்த்தார். "சின்னப்பிள்ளையே... நான்?" என்றார். அவ்வளவுதான். பந்து பக்கத்து வீட்டு நாய்க்குப் போனது.

அப்போதுதான் அக்கா, வீட்டில் ஒரு சத்தம் சலனம் இருக்கட்டும் என்று இந்தப் பறவையை வாங்கினா. கொக்கட்டீல் என்று சொல்வார்கள். கிளிக்குச் சொந்தம். சாம்பல் உடம்பு, மஞ்சள் முகம், கன்னத்தில் செம்மஞ்சள் பொட்டு, தலையில் ஒரு கொண்டை. கொண்டையை நிமிர்த்திக்கொண்டு, கூட்டின் உச்சியில் நின்று, வீட்டிலுள்ள எல்லோரையும் விசிலால் அதட்டும். எங்கள் கரையில் வள்ளமும் வலையும் வைத்து ஆட்களை வேலை வாங்கும் முதலாளியைச் சம்மாட்டி என்போம். நாற்பது பேர் வலை இழுக்க, கரையில் நின்று சத்தம் போடுகிற மனிதர். அத்தான் அந்தப் பறவைக்குச் "சம்மாட்டி" என்று பேர் வைத்தார். "ஆயுசு முழுக்க... அவங்களுக்கு வேலை செய்தன். இப்ப ஒருத்தனைக்... கூட்டில வைச்சிருக்கிறன்."

ஒருநாள் சம்மாட்டியார் கூட்டிலிருந்து வெளியே வந்து, வீட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு, அத்தானின் வலது கை விரல்களில் இறங்கினார். ஏன் அந்தக் கை? எனக்குத் தெரிந்த காரணம் இது: அந்த வீட்டில் ஆடாமல் அசையாமல் இருந்த ஒரே கொப்பு அதுதான். அவர் வழுக்கி விழப் பார்த்தார். விழாமல் இருக்க அத்தானின் விரல் ஒன்று... கொஞ்சம்... மேலே வந்தது.

அக்கா சட்டியைக் கீழே போட்டுவிட்டா என்று கேள்வி.

அன்றிலிருந்து தினமும் காலையில் சம்மாட்டியார் வருவார், கையில் அமர்வார், அத்தான் அவரைத் தாங்குவார். பந்துக்கு அசையாத கை பறவைக்கு அசைந்தது. இப்போது விளங்குகிறதா, நான் முட்டை பூசியது யாருக்கு என்று?

ஆவணியில் மடு மாதா கோயில் திருவிழா. அத்தானின் கைக்காக அக்கா நேர்த்தி வைத்திருந்தா. நவநாள் முழுக்கக் கூடாரம் அடித்து அங்கேயே தங்குவது என்று முடிவு. அந்தச் சனத்துக்குள் கூட்டைக் கொண்டுபோக முடியாது. "என்னட்டை விடுங்கோ" என்றேன் நான்.

ஏன் சொன்னேன்? பூநாரைகள் பற்றி இந்தப் பத்திரிகையின் இதே பத்தியில் நான் உருகி உருகி எழுதியதைச் சிலர் நினைவு வைத்திருக்கலாம். அதை எழுதியபோது எனக்கும் பூநாரைக்கும் இடையே இருந்த தூரம், பஸ் யன்னலிலிருந்து களப்பின் நடுப்பகுதி வரை. ஆனால் எழுத்தில் ஒரு ஆபத்து இருக்கிறது. வாசிப்பவர்கள் நம்புகிறார்களோ இல்லையோ, எழுதியவன் நம்பிவிடுகிறான்.

"கூட்டைத் திறக்காதை," என்றா அக்கா. "கச்சான் காத்து இந்த அடி அடிக்குது. அவர் வெருண்டால் கண் மண் தெரியாமப் பறப்பார்."

"அக்கா, எனக்குப் பறவையளைத் தெரியும்."

அத்தான் ஓட்டோவில் ஏறும்வரை என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த நாள் காலை நான் கூட்டைத் திறந்தேன்.

என் மனைவி ரீற்றா மீன் வாங்கச் சந்தைக்குப் போயிருந்தா. என் திட்டம் மிக எளிமையானது. போனை ஒரு கதிரையில் சாய்த்து வைத்து, சம்மாட்டியார் என் தோளில் அமர்ந்திருக்கும் வீடியோ ஒன்றை எடுத்து மடுவுக்கு அனுப்புவது. அத்தானுக்கு ஆறுதல் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். குடும்பத்து வாட்ஸ்அப் குழுவிலும் போடலாம் என்பது தற்செயலாக வந்த யோசனை.

அவர் வந்தார். தோளில் அமர்ந்தார். என் காதைக்கூட மெல்லக் கொத்தினார். நான் கமராவைப் பார்த்து, பறவைகளோடு பிறந்து வளர்ந்தவன்போல ஒரு சிரிப்புச் சிரித்தேன்.

மன்னாரில் குடியிருப்பவர்களுக்குத் தெரியும். கச்சான் காற்றுக் காலத்தில் ஒவ்வொரு கதவுக்கும் ஒரு கல் வேண்டும். கல் வைக்காத கதவு கதவல்ல, வெடிகுண்டு. குசினிக் கதவுக்குக் கல் வைக்க நான் மறந்திருந்தேன்.

டமார்!

தோளில் யாரும் இல்லை. அடுத்த கணம் அலுமாரிக் கண்ணாடியில் ஒரு அடி. பிறகு அலுமாரிக்குப் பின்னால் ஒரு சிறு சரசரப்பு. வீடியோவில் இந்த முழுக் காட்சியும் இருக்கிறது. என் சிரிப்பு மாறுவதற்கு எடுத்த நேரம் அதில் தெளிவாகப் பதிவாகியிருக்கிறது. நான் அதை அழிக்கவில்லை. கர்வம் தலைக்கேறும் நாட்களில் போட்டுப் பார்ப்பதற்கு.

அவரை மெல்ல எடுத்துக் கூட்டில் விட்டேன். இரத்தம் இல்லை. கண் திறந்திருந்தது. ஆகவே ஒன்றுமில்லை என்று முடிவு செய்தேன். அவர் மேல்தடிக்கு ஏறாமல் கூட்டின் அடியில் ஒரு மூலையில் போய் இருந்தார். கோபம் என்று நினைத்தேன். உடம்பை ஊதிக்கொண்டு பந்துபோல இருந்தார். நித்திரை என்று நினைத்தேன். தினையைத் தொடவில்லை. விரதம் என்று மட்டும்தான் நினைக்கவில்லை.

ரீற்றா வந்ததும், போனில் எடுத்திருந்த படம் ஒன்றைக் காட்டினேன். "பார், ஆள் ஓய்வெடுக்கிறார்."

அவ மீன் பையைக் கீழே வைக்காமலே படத்தைப் பார்த்தா. "என்னப்பா இது? ஒரு செட்டை ஒட்டிக்கொண்டு கிடக்கு. மற்றது கீழ தொங்குது. போட்ட சேட்டை ஒரு பக்கம் காற்சட்டைக்கு உள்ளுக்கும் ஒரு பக்கம் வெளியிலையும் விட்டமாதிரி."

அப்போதுதான் பார்த்தேன். உண்மை. வலது செட்டை மடிந்து உடம்போடு இருந்தது. இடது செட்டையின் நுனி கூட்டின் தகரத்தில் உராய்ந்துகொண்டிருந்தது. அசையும்போது அவர் அதை இழுத்துக்கொண்டு நடந்தார். ஒரு மணித்தியாலமாக நான் பார்த்துக்கொண்டிருந்த பறவை அது. படம்கூட எடுத்தவன் நான்.

இனி என்ன செய்வது? ஏதாவது செய்ய வேண்டும். உடனே செய்ய வேண்டும். இந்தப் பதற்றம் இருக்கிறதே — அது நோயாளிக்காக வருவது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம்.

சின்ன வயதில் சைக்கிளால் விழுந்து என் மணிக்கட்டு முறிந்தது. முறிவு பார்க்கும் பரிசாரியார் ஒருவர் உளுத்தம்மாவையும் முட்டை வெள்ளைக்கருவையும் குழைத்துப் பத்துப் போட்டு, தடி வைத்து, சீலையால் இறுக்கி இறுக்கிக் கட்டினார். பொருந்திவிட்டது. இன்றைக்கும் அந்தக் கையால்தான் எழுதுகிறேன். அதை அந்த வைத்தியத்துக்கு எதிரான சாட்சியமாகச் சிலர் எடுத்துக்கொள்ளக்கூடும்.

எங்கள் பக்கத்தில் முறிவு என்றால் முதலில் ஞாபகம் வருவது இந்தப் பத்துத்தான். ஆஸ்பத்திரி பிறகு. எக்ஸ்றே அதற்கும் பிறகு.

"மனிசருக்குச் செய்யிறதை அதுக்குச் செய்யலாமே?" என்று ரீற்றா கேட்டா.

"எலும்பு எலும்புதான்," என்றேன்.

வாழ்க்கையில் நான் எவ்வளவோ முட்டாள்தனமான வசனங்களைச் சொல்லியிருக்கிறேன். அவற்றில் பல அச்சிலும் வந்திருக்கின்றன. ஆனால் இத்தனை சுருக்கமாக ஒன்றைச் சொன்னதில்லை.

பத்துப் போட்டேன். ஐஸ்பழக் குச்சி ஒன்றை உடைத்துச் செட்டையோடு வைத்தேன். ரீற்றாவின் முழங்காலுக்கு வாங்கி மீந்த பண்டேஜை எடுத்து, செட்டையையும் உடம்பையும் சேர்த்து, நெஞ்சைச் சுற்றி, சுற்றிச் சுற்றி, இறுக்கமாக... அன்பாக... கட்டி முடித்தேன். சம்மாட்டியார் சின்னதாக ஒரு கருவாட்டுப் பொட்டலம்போல இருந்தார். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

கொஞ்ச நேரத்தில் அவர் அலகைத் திறந்தார். மூடவில்லை. வால் மேலும் கீழும் அடித்தது.

"வெக்கைக்கு," என்றேன்.

ரீற்றா என்னைப் பார்க்கவில்லை. பறவையையே பார்த்துக்கொண்டிருந்தா. "மூச்சுக்கு ஏங்குது. வெளிக்கிடுங்கோ."

மிருக வைத்தியரின் கந்தோரில், இருக்கிற வாங்கு நிறைய ஆட்கள். ஆடுகள், ஒரு கன்றுக்குட்டி, காலில் காயத்தோடு ஒரு கழுதை. சப்பாத்துப் பெட்டியொன்றை மடியில் வைத்துக்கொண்டு நான் ஒருவன்தான் இருந்தேன். எருக்கலம்பிட்டியிலிருந்து தாடி வைத்த ஆட்டோடு வந்திருந்த ஒரு முஸ்லிம் நானா பெட்டியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்.

"என்ன சேர், சப்பாத்துக்கும் வருத்தமோ?"

மூடியை விலக்கிக் காட்டினேன். அவர் முகம் உடனே மாறிவிட்டது. "அல்லாஹ்வே... குஞ்சு. பத்துப் போட்டீங்களா? நோவெண்ணெய்?"

"எண்ணெய் போடேல்லை."

"போட்டிருக்கணும்," என்றார் கவலையோடு.

எனக்குச் சற்று ஆறுதலாக இருந்தது. ஊரில் நான் மட்டும் இல்லை.

அந்த நேரம் பார்த்துப் போன் அடித்தது. அக்கா. மடுவிலிருந்து.

"டேய், அத்தான் சம்மாட்டியைப் பார்க்கோணுமாம். காலமையிலயிருந்து கையை மடியில வைச்சுக்கொண்டு இருக்கிறார். வீடியோவைப் போடு."

"இஞ்ச சிக்னல் சரியில்லை அக்கா."

நானாவின் ஆடு மிகச் சரியாக அந்தக் கணத்தில் கத்தியது.

"என்னடா, ஆட்டுச் சத்தம்?"

"ரீவி, அக்கா."

கழுதையும் தன் பங்குக்குத் தொடங்கியது. அக்கா, "என்ன ரீவி பார்க்கிறாய் நீ?" என்று கேட்டுவிட்டுப் போனை வைத்துவிட்டா.

நானா என் தோளில் கை வைத்தார். "சேர், நீங்க முன்னுக்குப் போங்க. என்ட ஆட்டுக்கு வயிறுதான். அது காத்துக்கொள்ளும். இது காத்துக்கொள்ளாது." வாங்கில் இருந்த மற்றவர்களும் தலையாட்டினார்கள். கழுதைக்காரர் எழுந்து வழிகூட விட்டார்.

வைத்தியர் இளம் பெண். பெட்டியைத் திறந்தா. கத்தரிக்கோலை எடுத்து, என் கட்டை நெடுக்கு வாட்டில் ஒரே வெட்டு. பண்டேஜ் விரிந்தது. சம்மாட்டியாரின் நெஞ்சு ஒருமுறை பெரிதாக எழும்பி இறங்கியது. இன்னொருமுறை. பிறகு அலகு மூடியது.

நானும் அப்போதுதான் மூச்சுவிட்டேன்.

"சேர், பறவைக்கு நெஞ்செலும்பு முன்னுக்கும் பின்னுக்கும் அசைஞ்சால்தான் காத்து உள்ளுக்குப் போகும். எங்களுக்கு இருக்கிறமாதிரி நெஞ்சையும் வயித்தையும் உள்ளுக்க பிரிக்கிற தசை ஒண்டும் அதுக்கு இல்லை. நெஞ்சைச் சுத்தி இறுக்கிக் கட்டினால்..." வசனத்தை முடிக்கவில்லை. முடிக்க வேண்டிய தேவையும் இருக்கவில்லை. பிறகு மூக்கைச் சுருக்கினா. "இது என்ன... முட்டையோ?"

"வெள்ளைக்கரு மட்டும்," என்றேன். மஞ்சள்கருவைத் தவிர்த்தது ஒரு தகுதி என்பதுபோல.

"எண்ணெய் பூசேல்லைத்தானே?"

"இல்லை."

"அது நல்லது. எண்ணெய் பட்டால் இறகு உடம்புச் சூட்டைப் பிடிச்சு வைக்காது. இந்த வெயிலுக்கையும் குளிரில விறைச்சுப் போகும்."

நானாவிடம் இதைச் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன். பிறகு, இன்றைக்கு நான் யாருக்கும் ஒன்றும் சொல்லாமல் இருப்பதே நல்லது என்றும் நினைத்துக்கொண்டேன்.

தான் அதிகம் பார்ப்பது மாடும் ஆடும்தான் என்று வெளிப்படையாகவே சொன்னா. கூடப் படித்த சினேகிதி ஒருத்தி கொழும்பில் பறவைகள் பார்க்கிறவவாம். அவவுக்கு வீடியோ அழைப்புப் போட்டு, இரண்டு பேருமாகப் பார்த்தார்கள். துவாயால் மெல்லப் போர்த்து, தலையை இரண்டு விரலுக்கிடையில் பிடித்து, நெஞ்சில் அழுத்தம் படாமல். வெதுவெதுப்பான தண்ணீரில் பஞ்சைத் தோய்த்து என் பத்தைத் துடைத்தெடுக்கவே நேரம் போனது. இறகை விலக்கித் தோலை விரல் நுனியால் தடவிப் பார்த்துவிட்டு, "முன்கையில ரெண்டு எலும்பு. ஒண்டுதான் முறிஞ்சிருக்கு. மற்றது அதைத் தாங்கிக்கொண்டு நிக்கும். அதிர்ஷ்டம்," என்றா. செட்டையை மட்டும் மடித்து, எட்டு எழுதுவதுபோல ஒரு மெல்லிய கட்டு. நெஞ்சைத் தொடவேயில்லை. நான் கட்டியதோடு ஒப்பிட்டால் அது ஒரு கட்டே அல்ல, ஒரு குறிப்பு.

"வீட்டில் நாங்கள் என்னதான் செய்திருக்க வேணும்?" என்று ரீற்றா கேட்டா.

"ஒண்டும் செய்திருக்கத் தேவையில்லை அக்கா. அதுதான் கஷ்டம், எல்லாருக்கும்." வைத்தியர் சிரித்தா. சின்னப் பெட்டி. அடியில் துணி. காத்துக்கு ஓட்டை. இருட்டு, அமைதி, கொஞ்சம் சூடு. ஏறி விழாமல் தடி ஒன்றும் வைக்கக் கூடாது. சாப்பாடும் தண்ணியும் எட்டுகிற இடத்தில் தாழ்வாக. இரத்தம் வந்தால் சுத்தமான துணியால் அந்த இடத்தை மட்டும் அழுத்திப் பிடிக்கலாம். நாங்கள் குடிக்கிற நோவுக் குளிசையைப் பொடிசெய்து கொடுக்கவே கூடாது. செட்டையை இழுத்துப் பார்க்கக் கூடாது. அப்படியே பெட்டியோடு கொண்டுவர வேண்டியதுதான். "நீங்கள் கொண்டுவந்த பெட்டி சரி சேர்," என்று என்னைப் பார்த்துச் சொன்னா. அன்றைய நாளில் எனக்குக் கிடைத்த ஒரே பாராட்டு ஒரு சப்பாத்துப் பெட்டிக்கானது.

எனக்கு ஒரு விஷயம் உறுத்திக்கொண்டிருந்தது. "ஒரு மணித்தியாலம் ஒண்டும் நடவாத மாதிரித்தானே இருந்தவர்?"

"பறவை வருத்தத்தைக் காட்டாது சேர். காட்டினால் பருந்து பார்த்திடும். அதால முடிஞ்சவரைக்கும் மறைக்கும். எங்கட கண்ணுக்குத் தெரியிற நேரம், அது ஏற்கனவே கனநேரம் தாங்கியிருக்கும்."

திரும்பி வரும்போது ஓட்டோவில் இதையே நினைத்துக்கொண்டு வந்தேன். பாரிசவாதம் வருவதற்கு முந்தின கிழமை அத்தானுக்குக் கடலில் வைத்துக் கை விறைத்ததாம். வலைக் கயிறு இரண்டு தடவை நழுவியதாம். ஒருவருக்கும் சொல்லவில்லை. அவர் பயந்த பருந்து எது? எனக்குத் தெரியாது. கூட வேலை செய்கிறவர்கள் இரக்கப்பட்டுவிடுவார்களோ என்ற பயமாக இருக்கலாம். நாங்களும் பார்த்தோம்தான். சாப்பிடும்போது கரண்டி கேட்டார். சேட்டின் தெறி பூட்டவில்லை. கோபம் என்று நினைத்தோம். வயது என்று நினைத்தோம். ஒரு பக்கம் தொங்குவதை யாராவது ஒருவர், மீன் பையைக் கீழே வைக்காமல், பார்த்துச் சொல்லியிருந்தால்...

சரி. அது போய்விட்டது.

பின்னேரம் நானே மடுவுக்குப் போன் எடுத்தேன். அத்தானிடம் கொடுக்கச் சொன்னேன். கூட்டைத் திறந்ததிலிருந்து முட்டை வரைக்கும், ரீவி பொய்யையும் சேர்த்து, ஒன்றும் விடாமல் சொன்னேன். அந்தப் பக்கம் கோயில் மணி கேட்டது. சனத்தின் இரைச்சல் கேட்டது. அத்தானின் மூச்சும் கேட்டது.

"சாப்பிடுறாரோ?"

அது மட்டும்தான் கேட்டார்.

"தினை கொஞ்சம் கொத்தினவர்."

"ம்."

போனை அக்கா வாங்கினா. அவ சொன்னதை இந்தப் பத்திரிகை அச்சிடாது.

திருவிழாப் பூசை முடிந்த கையோடு வந்துவிட்டார்கள். சப்பாத்துப் பெட்டி பள்ளிமுனைக்குப் போனது, அத்தானின் மடியில். நான் ஒவ்வொரு நாளும் காலையில் போவேன். வைத்தியர் தந்த மருந்தைக் கொடுக்க ஒருவர் துவாயால் பிடிக்க வேண்டும், ஒருவர் சொட்டு விட வேண்டும். அக்காவுக்கு அலகென்றால் பயம். நான் பிடிப்பேன், அத்தான் இடது கையால் சொட்டு விடுவார். வலது கை மறுபடியும் கதிரையின் கைப்பிடியில், மறந்துபோன பொருளாகக் கிடந்தது. மடுவுக்குப் போகமுன் இரண்டு விரல் எழும்பும். இப்போது அதுவும் இல்லை. அக்கா என்னிடம் அதைப் பற்றி ஒன்றும் பேசவில்லை. ஏசியிருந்தால் தாங்கியிருக்கலாம்.

வைத்தியர் ஒருநாள் கட்டை அவிழ்த்தா. எலும்பு பொருந்தியிருந்தது. செட்டை மட்டும் முழுதாக நிமிரவில்லை. பறக்க முயன்றார். முழங்கால் உயரம் வந்தார். சாய்ந்து சாய்ந்து தரையில் இறங்கினார். "போகப் போகச் சரிவரலாம். வராமலும் விடலாம்," என்றா வைத்தியர். நேர்மையான பதில். எனக்குப் பிடிக்காத பதில்.

அடுத்த நாள் காலை. அத்தான் வழக்கம்போலக் கதிரையில். சம்மாட்டியார் தரையில். அண்ணாந்து பார்த்து ஒரு விசில் அடித்தார். அந்தக் கை அவருடைய இடம், அவருக்கு அது தெரியும். செட்டையை அடித்தார். எழும்பினார். கதிரைக் காலில் முட்டிக்கொண்டு இறங்கினார். மறுபடி விசில். இந்த முறை அதட்டல்.

"எடுத்து... வை," என்றார் அத்தான் என்னிடம்.

நான் குனிந்தேன். சம்மாட்டியார் என்னைக் கண்டதும் கட்டிலுக்கு அடியில் ஓடிவிட்டார். நான் எழும்பி மூலைக்குப் போனதும் வெளியே வந்தார். கதிரைக்குக் கீழே வந்து நின்று மேலே பார்த்தார். அக்கா குசினி வாசலில்.

அத்தான் தன் வலது கையைப் பார்த்தார். நீண்ட நேரம் பார்த்தார். பிறகு உடம்பை ஒரு பக்கம் சரித்தார். கை, கைப்பிடியிலிருந்து வழுக்கி, கீழே தொங்கியது. அதுவரை அது தானாக விழுந்தது என்றுதான் நினைத்தேன். ஆனால் அங்கே நின்று, தரைக்கு ஒரு சாண் உயரத்தில், விரல்கள் திறந்தன. ஒன்றொன்றாக. பிசியோதெரபிக்காரர் மாதக்கணக்காகக் கெஞ்சியது அதைத்தான்.

சம்மாட்டியார் அவசரப்படவில்லை. வள்ளத்தில் ஏறுகிற முதலாளியைப்போல முதலில் ஒரு காலை வைத்துப் பார்த்தார். பிறகு மற்றது.

கை எழும்பியது. நடுங்கியது. நின்றது. சம்மாட்டியார் விழாமல் இருக்க இரண்டு செட்டையையும் விரித்தார். ஒன்று நேராக, ஒன்று பாதியாக. அத்தானின் நெற்றியில் வியர்வை. முழங்கால்வரை வந்து, அங்கே கொஞ்சம் இளைப்பாறி, பிறகு கைப்பிடிக்கு வந்து சேர்ந்தார்கள், இருவரும்.

அக்கா சிலுவை அடையாளம் போட்டா. போட்ட கையோடு, "ஏன்டா வழியில காலை நீட்டிக்கொண்டு நிக்கிறாய்?" என்று என்னைப் பார்த்துக் கத்தினா. அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும். நாங்கள் அவ்வளவு இலேசில் அழுகிற குடும்பம் இல்லை.

முன்பு பறவை கையைத் தேடி வந்தது. இப்போது கை இறங்கிப்போய்ப் பறவையை எடுத்து வருகிறது. தினமும், பல தடவை. சம்மாட்டியார் இறங்குவார், விசில் அடிப்பார், கை வர வேண்டும். சம்மாட்டியாரின் செட்டையையும் அத்தானின் கையையும் சேர்த்து ஒரு தத்துவம் எழுத எனக்கு விரல் துறுதுறுக்கிறது. எழுதமாட்டேன். இறுக்கிக் கட்டினால் என்ன ஆகும் என்று பார்த்துவிட்டேன்.

ஆனால் அன்றைக்கு வாயைக் கட்ட முடியவில்லை. "பார்த்தீங்களே அத்தான்," என்றேன், "ஒரு வகையில யோசிச்சால், அண்டைக்கு நான் கூட்டைத் திறந்திருக்காட்டி இண்டைக்குக் கை இப்பிடிக் கீழ போய் வந்திருக்குமே?"

அத்தான் பறவையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார்:

"நல்ல காலம்... உன்ர அக்கா... என்னை உன்னட்டை விட்டிட்டுப் போகேல்லை."